கெட்டிமேளத்துக்கு அடியில் ஒரு தும்மல்

எனக்குப் பழிவாங்கும் புத்தி உண்டு. பெருமைக்குச் சொல்லவில்லை. ஆள் பார்க்க நனைந்த பூனைக்குட்டி மாதிரி இருப்பதால் யாரும் நம்ப மாட்டேன் என்கிறார்கள், அந்த ஆதங்கத்தில் சொல்கிறேன். நாலாம் வகுப்பில் என் பென்சில் டப்பாவை மிதித்து நசுக்கியவனின் கல்யாண வீடியோ பல வருடம் கழித்து என் கைக்கே வந்தது. அவன் பந்தியில் லட்டுக்கு வாயைத் திறந்த இடத்தில் படத்தை ஐந்து விநாடி நிறுத்தி, அதன்மேல் ரோஜா இதழ்களைத் தூவிவிட்டேன். கம்ப்யூட்டரில் ஏதோ கோளாறு என்று இன்றுவரை நினைத்துக்கொண்டிருக்கிறான். பாவம், நல்ல பையன்.

கம்பத்தில் ஒரு ஸ்டுடியோவின் மாடியில் உட்கார்ந்து கல்யாணம், காதுகுத்து, சடங்கு, புதுமனை வீடியோக்களை எடிட் பண்ணுவது என் பிழைப்பு. ஆவணப்படம் எடுப்பது என் வியாதி. அதிலும் சும்மா பார்த்துக்கொண்டிருக்கும் வகை. யாரையும் கேள்வி கேட்கக் கூடாது, பின்னணியில் குரல் கொடுத்து விளக்கக் கூடாது, இசை சேர்க்கக் கூடாது. வாழ்க்கை பாட்டுக்கு நடக்கும். கேமரா ஓரமாக நிற்கும். அம்மாவிடம் ஒருமுறை இதை விளக்கினேன்.

"கேள்வி கேக்க மாட்ட?"

"மாட்டேன்."

"அப்படித் திரும்பு, இப்படி நில்லுன்னு சொல்ல மாட்ட?"

"மாட்டேம்மா."

"பாட்டும் கெடையாது?"

"கெடையாது."

அம்மா அரிவாள்மனையிலிருந்து கையை எடுத்துவிட்டு என்னை மேலும் கீழும் பார்த்தாள். "அப்ப நீ அங்கன எதுக்குடா போற?"

கேமராவைத் தூக்கிக்கொண்டு கிளம்பிவிட்டேன்.

காமயகவுண்டன்பட்டிப் பக்கம் ஒரு திராட்சைத் தோட்டத்துக்கு மூன்று வருடம் போனேன். தோட்ட வேலைக்குப் புருஷன், பெண்டாட்டி இரண்டே பேர். மிஷன் காலத்திலேயே வேதத்துக்கு வந்த கிறிஸ்தவக் குடும்பம். என்னைவிட நாலைந்து வயது மூத்தவள் என்பதால் அவளை அக்கா என்பேன், அவரை மாமா என்பேன். கொடியைக் கவாத்து வெட்டுவார்கள், பந்தலில் கட்டுவார்கள், மருந்தடிப்பார்கள், வானத்தைப் பார்ப்பார்கள். நான் அவர்களைப் பார்ப்பேன். முதல் ஆறு மாதம் கேமராவைக் கண்டதும் அக்கா முந்தானையைச் சரிசெய்துகொண்டு போட்டோவுக்கு நிற்பது போல நின்றாள். இரண்டாம் வருடம் நான் பந்தலைத் தாங்கும் கல்தூண்களில் ஒன்றாகிவிட்டேன். இந்தத் தொழிலில் அதுதான் மோட்சம்.

ஒரே ஒரு சிக்கல். மருந்தடித்த தோட்டத்துக்குள் நுழைந்தால் எனக்குத் தும்மல் வரும். சாதாரணத் தும்மல் இல்லை. வரப்பில் மேயும் கொக்கு எழுந்து பறக்கும். இருப்பதே தெரியாமல் இருக்க வேண்டியவனுக்கு இப்படி ஒரு மூக்கைக் கொடுத்த கடவுளுக்கும் என்மேல் ஏதோ பழைய பகை இருக்க வேண்டும்.

மூன்றாம் வருடம் அறுப்புக்கு நாலு நாள் இருக்கும்போது மழை பிடித்துக்கொண்டது. பன்னீர்த் திராட்சை பூராவும் வெடித்துவிட்டது. குமுளி வழியாக வழக்கமாக வரும் மலையாளத்து வியாபாரி வந்தார். ஒரு குலையைத் தூக்கிப் பார்த்தார், விட்டார். இன்னொன்றைத் தூக்கினார், விட்டார். "பின்னெ காணாம் சேச்சி", அப்புறம் பார்க்கலாம் என்று சொல்லிவிட்டு வேனில் ஏறிப் போய்விட்டார். அக்காவும் மாமாவும் பந்தலுக்கு அடியிலேயே நின்றார்கள். பேச்சு இல்லை. குலைகளிலிருந்து தண்ணீர் சொட்டும் சத்தம் மட்டும். நாலு நிமிடம். என் வாழ்நாளில் நான் எடுத்த மிகச் சிறந்த நாலு நிமிடம் அது. மூச்சைக்கூடப் பல்லைக் கடித்துக்கொண்டுதான் விட்டேன். மாமா குத்தவைத்து உட்கார்ந்து, கீழே கிடந்த ஒரு வெடித்த பழத்தை எடுத்து வாயில் போட்டார்.

அப்போது தும்மினேன்.

அக்கா சடக்கென்று திரும்பிக் கேமராவை நேராகப் பார்த்தாள். முகம் அழப்போவது போலத்தான் கோணியது. ஆனால் வந்தது சிரிப்பு. "ஏலே, எளவு வீட்லகூட ஒனக்கு அடங்காதா?" என்றாள். மாமாவும் விதையைத் துப்பிவிட்டுச் சிரித்தார். சிரித்து முடித்து மாமா எழுந்த பிறகுதான் இருவரும் பழத்தை என்ன செய்யலாம் என்று பேசவே ஆரம்பித்தார்கள். எடுப்பவனின் தும்மல் படத்துக்குள் கேட்கக் கூடாது என்பது விதி. அந்த விதியை மீறி அதை அப்படியே வைத்தேன். அந்தத் தும்மல் இல்லாவிட்டால் அந்தச் சிரிப்புக்கு அர்த்தமே கிடையாது.

இனி எதிரி.

அவர் நம்ம கம்பம் பள்ளத்தாக்கிலேயே பிறந்து, சென்னைக்குப் போய்ப் பெரிய ஆள் ஆன டைரக்டர். என் வகைப் படம்தான் அவரும் எடுப்பார். ஆறு வருடம் அவரிடம் எடிட்டராக இருந்தேன். தொழிலில் எனக்குத் தெரிந்த நல்லது எல்லாம் அவரிடம் கற்றது. கெட்டது சொந்தச் சரக்கு. திராட்சைத் தோட்டத்தை எடுத்த கேமராகூட அவர் ஓரங்கட்டி எனக்குக் கொடுத்த பழைய கேமராதான். படத்தை முடித்ததும், எடுத்தது எடிட் செய்தது எல்லாம் இருந்த ஹார்டு டிஸ்க்கை அவர் கையில் கொடுத்து, "பாத்துட்டு ஒரு வார்த்தை சொல்லுங்கண்ணே" என்றேன். இன்னொரு பிரதி எடுத்து வைத்தாயா என்று கேட்கிறீர்களா? வைக்கவில்லை. அண்ணனிடம்தானே கொடுக்கிறோம் என்று இருந்துவிட்டேன். இன்று மளிகைச் சீட்டைக்கூட இரண்டு பிரதி எடுக்கிறேன். அந்தப் புத்தி அதற்குப் பிறகு வந்தது.

எட்டு மாதம் சத்தமே இல்லை. அப்புறம் தேனியில் ஒரு கல்லூரி அரங்கில் அவருடைய புதிய படம் என்று அழைப்பிதழ் வந்தது. அதில் பந்தலும் கல்தூணும் அக்காவின் முதுகும் இருந்தன. அக்கா பட்டுச்சேலை கட்டி, மாமாவையும் நாத்தனாரையும் கூட்டிக்கொண்டு வந்திருந்தாள். படம் ஓடியது. புல்லாங்குழல் வந்தது. புல்லாங்குழலுக்கு மேல் அண்ணனின் குரல் வந்தது. பின்னணிக் குரல் என்பது பார்வையாளனின் தலையில் குட்டுவது என்று ஆறு வருடம் எனக்குப் போதித்த அதே குரல். அந்த நாலு நிமிடமும் வந்தது. ஒன்றரை நிமிடமாகச் சுருங்கி வந்தது. மாமா பழத்தை வாயில் போட்டார். தும்மல் இல்லை. அக்கா திரும்பினாள், சிரித்தாள். அண்ணனின் குரல் சொன்னது: "இழப்பின் எல்லையில், மனம் தன்னைத் தானே பார்த்துச் சிரிக்கிறது."

அரங்கு கைதட்டியது. அக்கா என் பக்கம் சாய்ந்து, "ஏலே, நான் எதுக்குடா சிரிக்கேன்? கிறுக்கச்சி மாதிரில இருக்கு" என்றாள்.

கடைசியில் பெயர்கள் ஓடின. இயக்கம், ஒளிப்பதிவு, படத்தொகுப்பு எல்லாம் அண்ணன். என் பெயர் நன்றிப் பட்டியலில் இருந்தது. எனக்கு மேலே காமயகவுண்டன்பட்டி டீக்கடை. எனக்குக் கீழே மருந்தடிக்கும் மிஷின் ரிப்பேர் கடை. நடுவில் நான், டீக்கும் ரிப்பேருக்கும் இடையில் செய்யும் ஏதோ ஒரு சேவை போல.

வெளியே அவரைப் பிடித்தேன். "அண்ணே, தும்மல எடுத்துட்டீகளே" என்றேன். பாருங்கள், என் படத்தையே எடுத்துக்கொண்ட மனிதரிடம் நான் முதலில் கேட்டது இதை. ஆளின் லட்சணம் அவ்வளவுதான்.

அவர் என் தோளில் கைபோட்டார். "தம்பி, தும்மல் அந்தக் காட்சியோட தியான நிலையைக் கலைக்குது. நீ இன்னும் வளரணும். அப்புறம், கேமரா யாருது?"

பெயர் போனதை நான் தின்று ஜீரணித்திருப்பேன். நாத்தனார் சும்மா இருக்கவில்லை. வெள்ளாமை அழிந்ததைப் பார்த்துச் சிரித்தவள் என்று கோயில் வாசலில் பேச்சானது. பூசை முடிந்து வரும்போது, "என்ன மதினி, இன்னைக்குச் சிரிப்பு வரலையா?" என்று கேட்பார்களாம். அக்கா இரண்டு ஞாயிறு கோயிலுக்கே போகவில்லை என்று மாமா சொன்னார். அன்றைக்கு முடிவு செய்தேன். அந்தத் தும்மல் அந்தப் படத்துக்குள் திரும்பப் போக வேண்டும். எடுத்தவர் கையாலேயே திரும்பி வர வேண்டும். அவர் கொஞ்சம் நடுங்கிக்கொண்டே கொடுத்தால் இன்னும் நல்லது.

வழிதான் தெரியவில்லை. அக்காவிடம் போய்ப் புலம்பினேன்.

"எங்க சாமிகிட்டப் போனா மன்னிக்கச் சொல்லிரும்" என்றாள் அக்கா. "சாமியாரும் அதத்தான் சொல்லுவாக. இந்த வேலைக்கெல்லாம் ஒங்க குச்சனூர்க்காரருதான் சரி. நீ அங்கன போ."

போனேன். ஒரு சனிக்கிழமை எள்தீபம் ஏற்றி, காக்கைக்குச் சோறு வைத்து, ஏழரையை அண்ணனின் ராசிப் பக்கம் கொஞ்சம் திருப்பிவிடும்படி சனீஸ்வரரிடம் மனமுருகி வேண்டினேன். ஒன்பது சனிக்கிழமை. ஒன்பதாவது வாரம் முடிந்து பஸ்ஸில் வரும்போதுதான் ஞாபகம் வந்தது: எனக்கும் அவருக்கும் ஒரே ராசி. முன்பு ஒரு படப்பிடிப்பில் கிளி ஜோசியம் பார்த்தபோது அவரே சொல்லிச் சிரித்திருக்கிறார். அடுத்த வாரமே என் கம்ப்யூட்டர் புகைந்தது, ஸ்கூட்டர் கீழே விழுந்தது, கடைவாய்ப் பல் ஒன்று உடைந்தது. அண்ணனுக்கு ஒரு விருது கிடைத்ததாகப் பேப்பரில் போட்டிருந்தார்கள். கும்பிட்ட ஆளை முதலில் கவனிப்போம் என்று சாமி நினைத்திருக்கலாம்.

மூன்று வருடம் போனது. ஒரு நாள் காலை ஸ்டுடியோ ஓனர் அண்ணாச்சி மாடிக்கு வந்து ஒரு ஹார்டு டிஸ்க்கை மேசையில் வைத்தார்.

"தேனி மண்டபத்துல நடந்த கல்யாணம்யா. பொண்ணு வீடு மெட்ராசு, மாப்பிள வீடு ஜெயமங்கலம். பொண்ணோட அப்பா சினிமாக்காரராம். ரோசாப்பூ, இதயம், எதுவும் பறக்கக் கூடாதுன்னுட்டாக. எல்லாம் இயற்கையா இருக்கணுமாம்."

"இயற்கையாவே இருக்கும் அண்ணாச்சி" என்று சொல்லிக்கொண்டே முதல் கோப்பைத் திறந்தேன். திரை முழுக்க அண்ணனின் முகம். சட்டைக் காலரில் மைக்கைக் குத்திக்கொண்டு, "நான் பேசுறது தெளிவாப் பதிவாகணும், என்ன?" என்று எங்கள் ஆளிடம் சொல்லிக்கொண்டிருந்தார்.

குச்சனூர் இருக்கும் திசையைப் பார்த்து ஒரு கும்பிடு போட்டேன். தாமதமானாலும் மனுவைத் தொலைக்கவில்லை.

நாலு கேமரா, ஒரு ஹெலிகேம், அத்தனைக்கும் மேல் அந்தக் காலர் மைக். மைக் போட்டவன் பத்து நிமிடத்தில் அதை மறந்துவிடுவான், எடிட்டர் மறக்க மாட்டான். இதை எனக்குச் சொல்லிக் கொடுத்ததே அவர்தான். ஹெட்போனை மாட்டிக்கொண்டு ஒரு நாள் முழுக்க அவருக்குள் குடியிருந்தேன். மனைவியை அதட்டியது, சம்பந்தியின் சட்டையைப் பார்த்து முணுமுணுத்தது, கழிவறையில் பாடிய பழைய பாட்டு எல்லாம் இருந்தது. எதுவும் பற்றவில்லை. நான் தேடியது வேறு.

அது முகூர்த்தத்தில் கிடைத்தது.

கெட்டிமேளம் எதற்குக் கொட்டுகிறோம் என்று நம்ம ஊரில் சின்னப் பிள்ளைக்கும் தெரியும். தாலி ஏறும் நேரத்தில் தும்மல், அழுகை, கெட்ட வார்த்தை எதுவும் காதில் விழுந்துவிடக் கூடாது. மாப்பிள்ளை தாலியை எடுத்தார். ஐயர் விரலைச் சுழற்றினார். மேளம் இடியாக இறங்கியது. நான் திறந்து பார்த்த மூன்று கேமராவிலும் மேளத்தைத் தவிர வேறு சத்தமே இல்லை. காலர் மைக்கின் டிராக்கை மட்டும் தனியாகப் போட்டேன். ஓமப்புகை மூக்கில் ஏறி, சரியாக முதல் முடிச்சில், பெண்ணைப் பெற்ற அண்ணன் தும்மியிருக்கிறார்.

ஒற்றைத் தும்மல். தெளிவாக, ஆரோக்கியமாக, ஏறக்குறைய என் தரத்தில்.

அதற்குப் பிறகு அவர் முகத்தைப் பார்க்க வேண்டும். மேடைகளில் சகுனம், சாஸ்திரம் எல்லாவற்றையும் கிழித்துத் தோரணம் கட்டும் மனிதர் திருடன் மாதிரி இடமும் வலமும் பார்க்கிறார். பிறகு மேளக்காரர்களைப் பார்த்துக் கையை ஆட்டுகிறார்: இன்னும், இன்னும். மைக்கில் மூச்சு இரைக்கிறது. "ஆத்தா, தாயே, காப்பாத்து" என்று ஒரு முனகல். இருபது வருடச் சென்னைத் தமிழ் அந்த ஒரு வரியில் ஓடிப்போய்விட்டது.

மாப்பிள்ளை வீட்டில் ஒரு பெரியத்தை உண்டு. அந்த அம்மாளை முந்தைய கோப்புகளிலேயே பார்த்துவிட்டேன். பெண் அழைப்பின்போது குத்துவிளக்கில் ஒரு திரி அணைந்ததற்கு, "இதெல்லாம் எனக்குச் சரியாப் படல, அம்புட்டுத்தான் சொல்லுவேன்" என்று அம்புட்டுக்கும் மேலே அரை மணி நேரம் சொன்னவர். மறுவீடு முடிந்ததும் ஜெயமங்கலத்தில் சொந்தபந்தம் மொத்தமும் டிவி முன்னால் உட்கார்ந்துதான் இந்த வீடியோவைப் பார்க்கும். முன்வரிசையில் பெரியத்தை இருப்பார்.

மேளத்தின் சத்தத்தை மெல்லக் குறைத்தேன். காலர் மைக்கை மெல்ல ஏற்றினேன். மேளம் தூரத்தில் எங்கோ கேட்க, மண்டபத்தின் நடுவில் பளீரென்று ஒரு தும்மல். தொடர்ந்து அண்ணனின் முகம் ஒன்பது விநாடி. எதையும் சேர்க்கவில்லை, எதையும் திரிக்கவில்லை. அவர் போதித்த இலக்கணப்படி சுத்தமான பார்வையாளர் படம். முப்பது தடவையாவது போட்டுப் பார்த்திருப்பேன். அன்றைக்குச் சோறு இறங்கவில்லை. வயிறு அவ்வளவு நிறைந்திருந்தது.

மறுநாள் அக்கா, தன் மகள் முதன்முதலாக நற்கருணை வாங்கிய புதுநன்மைப் போட்டோவை எடுத்துப்போக ஸ்டுடியோவுக்கு வந்தாள். மாடிக்குக் கூட்டிப்போய் நாற்காலியைத் துடைத்துப் போட்டு, அந்த இடத்தை ஓட்டிக் காட்டினேன். தும்மல் வந்ததும் அக்கா கையைத் தட்டினாள்.

"இன்னுங் கொஞ்சம் சத்தமா வைக்க முடியாதா?"

"வைக்கலாங்க்கா."

"வையி. அந்தப் புல்லாங்கொழலையும் எங்கனயாச்சும் சொருகு."

இரண்டு பேரும் கண்ணில் தண்ணீர் வரச் சிரித்தோம். தும்மலுக்கு இன்னொரு கோணம் தேடி, அதுவரை திறக்காத நாலாவது கேமராவின் கோப்பைத் திறந்தபோதுதான் அதைப் பார்த்தேன். அந்தக் கேமரா கல்யாணப் பெண்ணை மட்டும் எடுத்திருந்தது. கழுத்தில் முதல் முடிச்சு விழுகிறது. அதே நொடியில் அவள் தலை நிமிராமல் கண்ணை மட்டும் அப்பா நின்ற பக்கம் திருப்புகிறாள். மேளத்துக்குள்ளும் அவளுக்குக் கேட்டுவிட்டது. பிறந்ததிலிருந்து கேட்ட தும்மல் இல்லையா. உதட்டைக் கடிக்கிறாள். முடியவில்லை. பக்கென்று சிரித்துவிடுகிறாள்.

அக்கா சிரிப்பதை நிறுத்தினாள். திரையை நெருங்கிப் பார்த்தாள்.

"மாப்பிள வீட்ல இத யாராரு பாப்பாக?"

"எல்லாரும்தான். ஒரு பெரியத்தை வேற இருக்காக."

"தும்முனது அவன். ஆனா தாலி ஏறும்போது சிரிச்சவளுன்னு பேரு இந்தப் புள்ளைக்கில்ல வரும்." அக்கா போட்டோக் கவரை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு எழுந்தாள். "மூணு வருசமா எனக்குத் தெரியும்டா அந்தப் பேரு." வாசல்வரை போய்விட்டுத் திரும்பினாள். "புள்ளைய விட்ரு. அப்பன விட்றாத."

இதைவிடத் தெளிவான உத்தரவு எனக்கு எந்த டைரக்டரிடமிருந்தும் வந்ததில்லை.

நாற்பது விநாடித் துண்டு ஒன்று தயார் செய்தேன். தும்மல், அண்ணனின் முகம், மகளின் சிரிப்பு. அண்ணனின் போனுக்கு மட்டும் அனுப்பி, கீழே மரியாதையாக எழுதினேன்: "அண்ணே, உங்கள் வீட்டுக் கல்யாணத்தை நான்தான் எடிட் செய்கிறேன். தும்மலை வைக்கவா, எடுக்கவா?"

இரண்டு நிமிடத்தில் போன் அடித்தது.

"தம்பி! எப்படி இருக்க? உன்கிட்ட வந்தது எவ்வளவு சந்தோஷம் தெரியுமா. அந்தத் தும்மலை மட்டும் எடுத்துரு."

"எடுத்துரலாம்ணே. ஆனா அப்புறம் பாப்பா எதுக்குச் சிரிக்குதுன்னு தெரியாதே. கிறுக்கச்சி மாதிரி இருக்கும்."

அந்தப் பக்கம் பேச்சு இல்லை. நான் கடிகாரத்தைப் பார்த்தேன். நாலு நிமிடம் இல்லை, பதினெட்டு விநாடிதான். இருந்தாலும் நல்ல மௌனம். அதற்குள் அவருக்கு எது புரிய வேண்டுமோ அது புரிந்தது என்று மூச்சிலேயே தெரிந்தது.

"சரி, சிரிப்பையும் எடுத்துரு."

"கல்யாணப் பொண்ணு சிரிச்சதே அந்த ஒரு எடந்தாண்ணே. மத்ததெல்லாம் போட்டோவுக்குச் சிரிச்சது. ஒங்ககிட்டப் படிச்ச எடிட்டர் நான், எனக்கு மனசு வராது."

"என்ன வேணும் உனக்கு?"

"தியான நிலை கலையுதுன்னு ஒரு தும்மல எடுத்தீகள்ல? அது வேணும். தோட்டத்து ஹார்டு டிஸ்க் இங்கன வரணும். ஒங்க புல்லாங்கொழல் படம் இனிமே எங்கனயும் ஓடக் கூடாது."

"இது மிரட்டல் தம்பி."

"இல்லண்ணே. நான் சும்மா பாத்துக்கிட்டுத்தான் இருக்கேன். எந்த வெள்ளிக்கிழம ஜெயமங்கலத்துக்கு அனுப்பணும்னு அண்ணாச்சி கேக்குறாரு."

பிறகு வந்த குரலுக்கு வயது இருபது குறைந்திருந்தது. "ஏலே, எம் பொண்ணு வாழ்க்கடா இது. அந்த அத்தக்காரி சும்மா விடமாட்டா. ஒனக்குப் புண்ணியமாப் போகும், எடுத்துரு."

எத்தனையோ ராத்திரி இந்தக் கெஞ்சலைக் கற்பனையில் நான் எழுதி வைத்திருந்தேன். அதில் அவர் இதைவிட நீளமாகப் பேசுவார், நான் இதைவிட உயரமாக நிற்பேன். நேரில் கேட்டபோது உள்ளுக்குள் ஒரு ஜிலீர் ஓடியது. அது பரிதாபம் என்று எழுதினால் நீங்கள் என்னை நல்லவன் என்பீர்கள். முக்கால்வாசி சந்தோஷம்தான்.

மூன்றாம் நாள் சென்னை பஸ்ஸில் பார்சல் வந்தது. பழைய துண்டு ஒன்றில் சுற்றிய என் ஹார்டு டிஸ்க். பஸ் ஸ்டாண்டிலேயே பிரித்து மோந்து பார்த்தேன். மருந்து வாசனை எதுவும் இல்லை. ஆனாலும் தும்மினேன்.

கல்யாண வீடியோவை நானும் ஒழுங்காகக் கொடுத்தேன். மேளம் முழுச் சத்தத்தில், தும்மல் இல்லை. அந்தப் பெண்ணின் சிரிப்பை வெட்ட மட்டும் கை வரவில்லை. காரணம் இல்லாமல் விட்டாலும் வம்பு. வேறொரு கேமராவில் தேடி, யாரோ வீசிய அட்சதைப் பூ ஒன்று ஐயரின் குடுமியில் உட்காரும் காட்சியைப் பிடித்தேன். அது நடந்தது மூன்றாம் முடிச்சுக்குப் பிறகு. அதை முதல் முடிச்சுக்குக் கொண்டுவந்து சிரிப்புக்கு முன்னால் ஒட்டினேன். நடந்ததை நடந்தபடி காட்டுவேன் என்று ஊரெல்லாம் தம்பட்டம் அடித்த நான் கூசாமல் செய்த பொய். கச்சிதமாகப் பொருந்தியது. "பொண்ணுக்கு நல்ல சிரிச்ச முகம். அந்தப் பூ ஐயர் மண்டையில விழுந்ததுக்கு எனக்கே சிரிப்பு வந்துருச்சு" என்று பெரியத்தை சொன்னதாக அண்ணாச்சி வந்து சொன்னார்.

தோட்டத்துப் படத்தில் தும்மல் அதன் இடத்துக்குப் போனது. ஒரு ஞாயிறு காலை, பூசை முடிந்த கையோடு, கோயிலை ஒட்டிய மன்றத்தின் ஜன்னல்களைச் சாக்கால் மறைத்துப் படத்தைப் போட்டோம். அக்கா முன்னால் உட்காரவில்லை, கதவோரம் நின்றாள். நாத்தனாரை மட்டும் முதல் வரிசை நடுவில் உட்காரவைத்திருந்தாள்.

வியாபாரி குலையைத் தூக்கினார், விட்டார். வேன் போனது. தண்ணீர் சொட்டியது. மாமா பழத்தை வாயில் போட்டார். மன்றத்தில் ஒரு இருமல்கூட இல்லை. தும்மல் வந்தது.

"ஏலே, நம்ம தும்மல்காரன்டா!" என்று பின்னாலிருந்து யாரோ கத்தினார்கள். திரையில் அக்கா திரும்பி, எளவு வீட்டைப் பற்றிய கேள்வியைக் கேட்டாள். மன்றமே சிரித்தது. அக்கா கதவோரத்தில் நின்று நாத்தனாரின் பின்னந்தலையையே பார்த்துக்கொண்டிருந்தாள். நாத்தனாரின் தோள் குலுங்குவது தெரிந்த பிறகுதான் உள்ளே வந்து உட்கார்ந்தாள். அடுத்த ஞாயிறு கோயில் வாசலில் அக்காவிடம் யாரும் சிரிப்பைப் பற்றிக் கேட்கவில்லையாம். தும்மலைப் பற்றித்தான் கேட்டார்களாம். அது என் தலையெழுத்து, நான் பார்த்துக்கொள்கிறேன்.

அண்ணன் இப்போதும் அவ்வப்போது போன் செய்வார். நலம் விசாரிப்பார். பேச்சோடு பேச்சாக, "அதை அழிச்சிட்டேல்ல?" என்பார். "அன்னைக்கே அழிச்சாச்சுண்ணே" என்பேன். இரண்டு பிரதி இருக்கிறது. ஒன்று ஸ்டுடியோவில், ஒன்று அம்மாவின் அரிசி டிரம்மில்.

அன்றைக்கு மன்றத்தில் கடைசியாகப் பெயர்கள் ஓடின. இயக்கம் நான். நன்றிப் பட்டியலில் முதலில் டீக்கடை, மூன்றாவதாக மருந்தடிக்கும் மிஷின் ரிப்பேர் கடை, இரண்டுக்கும் நடுவில் அண்ணனின் பெயர். எழுத்தின் அளவைக்கூடப் பழைய படத்தில் அளந்து பார்த்து அதே மாதிரி வைத்திருந்தேன். டீக்கடைக்கார மாமா தன் கடைப் பெயரைத் திரையில் பார்த்த பூரிப்பில் எழுந்து நின்றுவிட்டார். அடுத்த பெயரைப் படித்ததும் நெற்றியைச் சுருக்கிக்கொண்டு என் பக்கம் குனிந்தார்.

"எனக்கு அடுத்தாப்ல போட்டுருக்கியே, யாருய்யா அது? இங்கன ஒரு நாக்கூட வந்து நான் பாக்கலையே."

"வரல மாமா."

"பின்ன என்ன குடுத்தாக, நன்றி போடுற அளவுக்கு?"

"ஒரு தும்மல்" என்றேன்.